என் முதுகைப் படம் எடுத்த மதினிக்கு

என் உயிரான மதினி,

நலமா என்று கேட்க முடியாத இடத்துக்கு எப்படிக் கடிதம் எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. வாயில் வந்ததை எழுதிவிடுகிறேன். தப்பு இருந்தால் வழக்கம்போலச் சிரித்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஊர்ச் சேதி. இந்த வருஷம் மழை திராட்சையைக் கெடுத்துவிட்டது. பண்ணைப்புரத்தில் உங்கள் தம்பி பாதிப் பந்தலைப் பிரித்துவிட்டு வாழை வைத்திருக்கிறார். கம்பம் பஸ் ஸ்டாண்டில் எவன் கையைப் பார்த்தாலும் காமிரா வைத்த செல்போன். அண்ணன் ஸ்டூடியோவில் பாஸ்போர்ட் படம் எடுத்த கையோடு பிரிண்ட் கொடுத்துவிடுகிறார். "நாளைக்கு வாங்க" என்று சொல்லிப் பழகிய மனிதருக்கு இப்போது சொல்ல எதுவும் இல்லை. உங்கள் வருஷத் திதிக்கு இப்போதே ஆள் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

இனி என் சேதி. கொச்சியில் படக்காட்சி நடத்துகிற அந்த அம்மா, நீங்கள் இருக்கும்போது ஒரு தடவை வந்து படங்களைப் பார்த்துவிட்டுப் போனாரே, அவர் போன மாதம் குமுளி இறங்கி வந்திருந்தார். நீங்கள் என்னை உடுப்பில்லாமல் எடுத்த படங்களை ஒரு மண்டபம் முழுக்க மாட்ட வேண்டுமாம். எடுத்தவர் இல்லை, படத்தில் இருப்பவர் சொல்லட்டும் என்றார். "சேச்சி சம்மதிச்சா மட்டும் மதி, அது போதும். ஒரு மாசம் யோசிச்சுச் சொல்லுங்க."

இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று நீங்கள் கேட்பீர்கள். உங்களுக்கு நான் ஒரு முதுகு, ஒரு தோள், அதன்மேல் விழுகிற வெளிச்சம். எனக்கோ நான் கம்பத்தில் ரவிக்கை தைத்துப் பிழைக்கிறவள், ஸ்டூடியோக்காரரின் தங்கச்சி. சரி என்றால் நாளைக்கு அண்ணன் கடைத்தெருவில் நடக்க முடியுமா? வேண்டாம் என்றால் இத்தனை வருஷம் நீங்கள் செய்த வேலை ஒரு பொட்டிக்குள் கிடந்து மக்க வேண்டியதுதான். யோசித்து முடித்துவிட்டேன். எப்படி முடித்தேன் என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

இதை மற்றவர்களும் படிக்கப் போகிறார்கள். அதனால் உங்களுக்குத் தெரிந்ததையும் கொஞ்சம் சொல்லிவிட்டுப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என்னைத் தேவதானப்பட்டியில் கட்டிக்கொடுத்தார்கள். கழுத்தில் ஒரு வெள்ளைப் புள்ளி வந்தது. அது முதுகுக்கும் இடுப்புக்கும் இறங்கியது. ஒட்டுவாரொட்டி என்று மாமியார் என் தட்டைத் தனியாக எடுத்து வைத்தார். பெரியகுளத்து டாக்டர், "இது ஒட்டாதும்மா, வெறும் நிறம் போறதுதான்" என்றார். நிறம் போவது அவருக்கு 'வெறும்'. தொண்ணூற்றாறில் ஒரு டிரங்குப் பெட்டியோடு அண்ணன் வீட்டுக்கு வந்து சேர்ந்தேன். அன்றிலிருந்து எனக்கு நானே தைத்துக்கொண்டதெல்லாம் கழுத்து ஏறிய, கை நீண்ட ரவிக்கைதான்.

அப்படி ஒன்றைத் தைத்துப் போட்டுப் பார்க்கும்போதுதான் நீங்கள் கதவைத் தட்டாமல் நுழைந்தீர்கள். நான் சேலையை வாரிச் சுருட்டினேன்.

"மூடாதத்தா. ஒரு நிமிசம் அப்படியே நில்லு."

"எதுக்கு மதினி? எத்தனை புள்ளின்னு எண்ணப் போறீகளா?"

"எண்ணல. பாக்குறேன்."

எங்கள் தெருவுக்கு வாக்கப்பட்டு வந்தவர்களில் ஓவியக் கல்லூரியில் படித்தவர் நீங்கள் ஒருவர்தான். அங்கே ஆணும் பெண்ணும் உடுப்பில்லாமல் உட்கார்ந்திருக்க, நீங்கள் எல்லோரும் சுற்றி உட்கார்ந்து வரைவீர்களாம். கல்யாணமாகி வந்து, அண்ணனின் காமிராவைக் கையில் எடுத்த பிறகு தூரிகையை விட்டுவிட்டீர்கள். ஆனால் அந்தக் கண்ணை விடவில்லை. அன்றைக்கு என்னைப் பார்த்தது அந்தக் கண். உங்களுக்குக் கிறுக்குப் பிடித்துவிட்டது என்றுதான் நான் நினைத்தேன். ஒரு வாரம் உங்கள் முகத்தில் விழிக்காமல் சுற்றினேன். பிறகு நானாக வந்து, "சரி, முதுகு மட்டுந்தான்" என்றேன்.

கோயில் சிலைக்கு என்ன உடுப்பா இருக்கு என்று ஒரு தடவை உங்களுக்கு ஆதரவாக நானே பேசப் போனேன். நீங்கள் ஒத்துக்கொள்ளவில்லை. "சிலைக்கு மாமியாரும் இல்ல, பக்கத்து வீடும் இல்ல. அது பாட்டுக்கு நிக்கும். நீ நிக்கிறதுதான்த்தா பெருசு" என்றீர்கள்.

அந்தக் காலத்தில் கலர் பிலிம் என்றால் மதுரை லேபுக்குப் போக வேண்டும். சாயங்கால பஸ்ஸில் கொடுத்துவிட்டால் கல்யாணப் படமெல்லாம் கழுவி மறுநாள் வரும். என் முதுகை அந்த பஸ்ஸில் ஏற்ற முடியுமா? அதனால் கறுப்பு வெள்ளை. அண்ணன் வெளியூர்க் கல்யாணத்துக்குப் போன பகலாகப் பார்த்து ஷட்டரை இறக்கிவிட்டு எடுப்பீர்கள். இருட்டறையில் நீங்களே கழுவி, நீங்களே பிரிண்ட் போடுவீர்கள். உங்களைத் தவிர ஒரு ஈ காக்கை பார்க்காது.

இரண்டு பெரிய விளக்குகள் எரியும். அந்தச் சூட்டில் வெள்ளை இடமெல்லாம் காந்தும். பிலிமை வீணாக்கக் கூடாதென்று ஒரு படத்துக்கு அவ்வளவு நேரம் நிற்க வைப்பீர்கள். "மூச்சை விடாத" என்பீர்கள். நான் திணறும்போது "மூச்சை விடுத்தா" என்று அதட்டுவீர்கள். நான் எப்படி இருக்கிறேன் என்று எனக்குத் தெரியாது. உங்கள் முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வேன். உங்கள் புருவம் இறங்கினால் நன்றாக இருக்கிறேன் என்று அர்த்தம்.

முதல் ரோலைக் கழுவி வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினீர்களே, ஞாபகம் இருக்கிறதா? நெகட்டிவில் எல்லாம் தலைகீழ். உடம்பெல்லாம் வெள்ளை, புள்ளிதான் கறுப்பு. "மதினி, இந்தப் பக்கத்துல நான் வெள்ளைக்காரி. கறுப்புப் புள்ளி வந்ததுக்காக என்னை விரட்டியிருக்காக" என்றேன். இருட்டறைக் கதவில் சாய்ந்து இரண்டு பேரும் அப்படிச் சிரித்தோம். அந்த வருஷத்தில் நான் வாய்விட்டுச் சிரித்தது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

அப்புறம் அந்த பிலிமை என் கையில் கொடுத்தீர்கள். "இது ஒனக்கு. இது ஒங்கிட்ட இருந்தா, ஒன்னைக் கேக்காம ஒருத்தரும் ஒரு காப்பி போட முடியாது." அதுதான் நமக்குள் சட்டம். படம் உங்களுடையது, நெகட்டிவ் என்னுடையது. உங்களுக்கு இன்னொரு பிரிண்ட் வேண்டுமென்றால் என்னிடம் வந்து கேட்டு வாங்கிப் போவீர்கள், பக்கத்து வீட்டில் காப்பித் தூள் கேட்கிற மாதிரி.

சில வருஷம் கழித்து அண்ணன் முதல் டிஜிட்டல் காமிராவை வாங்கி வந்தார். லென்ஸில் படாமல் குங்குமம் வைத்துச் சூடம் காட்டினார். இனிக் கழுவ வேண்டாம், மதுரைக்கு அனுப்ப வேண்டாம், இருட்டறையே வேண்டாம். உங்களுக்குக் கை பரபரத்தது. ஆனால் என்னை எடுத்த முதல் படத்தைப் பார்த்ததும் முகம் சுருங்கிவிட்டது. கறுத்த தோல் நன்றாக வந்திருந்தது. புள்ளி இருந்த இடமெல்லாம் வெறும் காகிதம். "வெள்ளையைத் தின்னுருச்சே" என்றீர்கள். பிலிமில் புள்ளிக்குள்ளேகூடத் தோலின் வரி தெரியும், பூனைமுடி தெரியும். இந்தக் காமிராவில் நான் ஓட்டை ஓட்டையாக இருந்தேன். "ஊரு பாக்குற மாதிரியே பாக்குது மதினி" என்றேன். உங்களுக்குச் சிரிப்பு வரவில்லை.

பின்பக்கத்துத் திரை இன்னொரு தொல்லை. ஒவ்வொரு கிளிக்குக்கும் "காட்டுங்க மதினி, காட்டுங்க மதினி" என்று ஓடி வருவேன். பார்த்துவிட்டுப் போய் வயிற்றை எக்கிக்கொள்வேன். புள்ளி குறைவாக இருக்கிற பக்கத்தைத் திருப்பிக் காட்டுவேன். ஒரு படமும் உருப்படவில்லை. கடைசியில் ஒயரில் சுற்றுகிற கறுப்பு டேப்பைக் கிழித்துத் திரையில் ஒட்டிவிட்டீர்கள். "எடுத்து முடிச்ச பெறகு பிரிப்போம். பெறகு நீ எதைச் சொல்றியோ அதை அழிச்சுருவோம்."

அது பெரிய விஷயம் மதினி. பிலிமில் நீங்கள் பிரிண்ட் போட்ட பிறகுதான் எனக்குத் தெரியும். இப்போது நான் அழி என்றால் என் கண்ணெதிரே அழிந்தது. என்னதான் சொல்லுங்க, பழைய பிலிம் மாதிரி வருமா என்று பேசுகிறவர்கள் அந்த விளக்குச் சூட்டில் உடுப்பில்லாமல் நின்று பார்த்ததில்லை.

நெகட்டிவ் இல்லையே, எனக்கு எதைக் கொடுப்பது என்று உங்களுக்குக் கவலை. யோசித்து யோசித்து, காமிராவுக்குள் இருந்த கார்டையே கழற்றிக் கையில் வைத்தீர்கள். அடுத்த தடவைக்குப் புதுக் கார்டு. கார்டையே கொடுத்துவிடுகிற போட்டோகிராபர் இந்தப் பள்ளத்தாக்கில் வேறு யாரும் இருந்திருக்க மாட்டார்கள். நான் அவற்றைக் கம்மல் டப்பாவில் பூட்டி வைத்தேன். இரண்டு பேரும் அதை நெகட்டிவ் என்றே நம்பினோம். கம்ப்யூட்டரில் போட்டுப் பார்த்தபோதே அது தனக்கென்று ஒரு காப்பி எடுத்து வைத்துக்கொண்டது நமக்குத் தெரியவில்லை. தெரிந்த அன்று பதறிப்போய் வந்தீர்கள். "கடைப் பொட்டியிலேயே கெடந்திருக்குத்தா, இத்தனை நாளா" என்றீர்கள். நல்ல வேளை, அதற்கு முன்னாலேயே அண்ணன், "இது மெதுவா ஓடுது, நீ வச்சுக்க" என்று அந்தக் கம்ப்யூட்டர் பொட்டியை உங்களுக்கு ஒதுக்கிவிட்டுக் கடைக்குப் புதுசு வாங்கியிருந்தார். யாரும் பார்த்திருக்க மாட்டார்கள் என்று மனசைத் தேற்றிக்கொண்டோம்.

அப்புறம் அந்தப் பெரிய காமிரா வந்தது. அதற்கு விளக்கே வேண்டாம், ஜன்னல் வெளிச்சம் போதும் என்றீர்கள். மாடி அறையில், சாரல் மூட்டமான ஒரு பகலில் எடுத்தீர்கள். முதல் தடவையாகக் காந்தல் இல்லாமல் நின்றேன். டேப்பைப் பிரித்துக் காட்டியபோதுதான் பார்த்தேன், என் புள்ளிகள் வெள்ளையே இல்லை. இளஞ்சிவப்பு. ஓரத்தில் தேன் நிறம். இத்தனை வருஷம் எல்லோரும் வெள்ளை வெள்ளை என்று சொல்லி நானும் அப்படியே நம்பியிருந்தேன். நீங்கள் என் தலையைத் தடவிக் கொடுத்தீர்கள்.

அதோடு விட்டிருக்கலாம். நான்தான் கேட்டேன். அண்ணன் கடையில் உட்கார்ந்து கல்யாணப் பெண்களையெல்லாம் வெளுப்பாக்கிக்கொண்டிருப்பதைப் பார்த்துக் கேட்டேன். "ஊருக்கெல்லாம் வெளுப்பாக்குது. எனக்குக் கொஞ்சம் கறுப்பாக்குமா மதினி?" நீங்கள் மாட்டேன் என்று சொல்லவில்லை. பக்கத்துத் தோலை எடுத்து எடுத்துப் புள்ளியின்மேல் ஒட்டினீர்கள். கொஞ்ச நேரத்தில் திரையில் ஒருத்தி வந்து நின்றாள். கறுப்பாக, முழுசாக, அழகாக.

"யாரு மதினி இவ?"

"எனக்கும் தெரியலத்தா. ஒனக்குப் பிடிச்சிருக்கா?"

பிடித்திருந்தது. பொய் சொல்ல மாட்டேன். ஒரு பிரிண்ட் வாங்கிப்போய்த் தையல் மிஷினின் டிராயரில் வைத்துக்கொண்டு, நினைத்தபோதெல்லாம் இழுத்து இழுத்துப் பார்த்தேன். அவளை யாரும் தேவதானப்பட்டியிலிருந்து திருப்பி அனுப்பியிருக்க மாட்டார்கள். நான் கேட்கக் கேட்க எல்லாப் படத்துக்கும் அப்படி ஒன்று செய்து கொடுத்தீர்கள். ஒருநாள்கூட முகம் சுளிக்கவில்லை. உங்களுக்கு வலித்ததா மதினி? கேட்காமலே விட்டுவிட்டேன்.

அப்புறம் உங்களுக்குச் சர்க்கரை முற்றி, சிறுநீரகம் கெட்டு, மதுரைக்கும் கம்பத்துக்கும் அலைந்து, போய்விட்டீர்கள். அதைப் பற்றி எழுத எனக்கு இன்னும் தெம்பில்லை.

இப்போது கொச்சி அம்மாவுக்கு வருகிறேன். படங்களில் பெரும்பாலும் முகம் தெரியாது. ஆனால் என்னைத் தெரிந்துகொள்ள முகம் எதற்கு? எவ்வளவு ஏற்றித் தைத்தாலும் மேலே தெரிகிற என் கழுத்துப் புள்ளியைக் கம்பத்தில் சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். விடிந்தால் கேரளத்துக்கு வேலைக்கென்று ஜீப் ஜீப்பாக நம் ஆட்கள் மலையேறுகிறார்கள். கொச்சியில் எவராவது ஒருத்தர் செல்போனில் பிடித்தால் போதும், நான் வீடு திரும்புவதற்குள் படம் கம்பம் வந்து சேர்ந்துவிடும். புள்ளி அழித்த படங்களை மாட்டினால் இந்தப் பயமே இல்லை. உங்கள் வேலையும் வெளியே வரும், அண்ணன் மானமும் தப்பும். அதுதான் சரி என்று முடிவுக்கே வந்துவிட்டேன். ஆனாலும் அண்ணனிடம் சொல்லாமல் செய்ய மனசு வரவில்லை. மத்தியானம் கடையில் ஆள் இல்லாத நேரமாகப் போனேன். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் நின்றேன்.

"கொச்சியில இருந்து அந்தம்மா வந்தாகளே, அண்ணே."

"தெரியும்."

"எதுக்கு வந்தாகன்னு..."

"அதுவும் தெரியும்த்தா." அவர் என்னைப் பார்க்காமல் மேஜைக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். "அந்தப் பொட்டியை ஒங்க மதினிக்கு எதுக்கு விட்டுக் குடுத்தேன்னு நெனச்ச? அது நல்லா ஓடிக்கிட்டிருந்த பொட்டி. ஒரு கல்யாண ஆல்பம் தேடும்போது சின்னச் சின்னதாப் படம் வந்துச்சு. கழுத்தைப் பாத்ததும் நீதான்னு தெரிஞ்சுபோச்சு. பொட்டியை அமத்திட்டேன். அதுக்குப் பெறகு நான் தொறக்கல."

இத்தனை வருஷம் பொங்கலுக்குச் சேலை வாங்கிவந்து வைத்த கை, என் தட்டில் கறி அள்ளிப் போட்ட கை, எல்லாம் தெரிந்துகொண்டேதான் செய்திருக்கிறது.

"தெரிஞ்சும் ஏண்ணே ஒரு வார்த்தை கேக்கல?"

"என்னத்தைக் கேக்க? வீட்டுக்கு வந்து எத்தனையோ நாளா நீ யாரு மொகத்தையும் பாக்கல. பெறகு ஒங்க மதினிகூட உள்ள ஒக்காந்து சிரிக்கிற சத்தம் கேக்கும். அதைக் கெடுக்கவா?"

நான் அழுதுவிட்டேன். அவர் என்னைத் தேற்றுவதாக நினைத்துக்கொண்டு, "ஆசைப்பட்டா மாட்டட்டும்த்தா. அந்தப் புள்ளியை மட்டும் எடுத்துட்டா போதும். தேனியில ஒரு பொம்பளப்புள்ள இந்த வேலை பாக்குது, அதை வச்சு எடுத்துத் தாரேன். நீதான்னு ஒருத்தருக்கும் தெரியாது" என்றார்.

நான் முடிவு செய்து வந்ததும் அதுதான். மதினியே எடுத்து வைத்திருக்கிறார் என்று சொல்ல வாயைத் திறந்தேன். வந்தது வேறு.

"புள்ளி இல்லாம இருந்திருந்தா, அன்னிக்கு நீங்களே என்னைக் கண்டுபிடிச்சிருப்பீகளா அண்ணே?"

அவர் துடைப்பதை நிறுத்தினார்.

"யாரோ ஒருத்தின்னு தள்ளிட்டுப் போயிருப்பீக. கூடப் பொறந்த ஒங்களுக்கே நான் அதுல இல்லைன்னா, அங்கன யாரைக் கொண்டுபோய் மாட்டுறது?"

ஒரு ஆள் வந்து பாஸ்போர்ட் படம் கேட்டதற்கு, "கொஞ்சம் கழிச்சு வாங்க" என்று அனுப்பிவிட்டார். பிறகு சொன்னார். "நான் வந்து பாக்க மாட்டேன். அண்ணங்காரன் பாக்கக் கூடாது. ஆனா எவனாச்சும் இந்தத் தெருவுல வாயைத் தொறந்தா, ஆமா, என் தங்கச்சிதான்னு சொல்லுவேன். போதுமாத்தா?"

எனக்கு அதற்கு மேல் என்ன வேண்டும் மதினி? அண்ணன் பார்த்தது உங்களுக்குத் தெரியுமா? இல்லை, என்னை மாதிரி நீங்களும் தெரியாமலே போனீர்களா? ஒரே வீட்டில், ஒருத்தருக்கு ஒருத்தர் சொல்லாமல், இரண்டு பேரும் என்னை இப்படிக் காப்பாற்றியிருக்கிறீர்கள்.

புள்ளி இல்லாதவளை நான் அழித்துவிடவில்லை. அவளும் என் கஷ்ட காலத்தில் துணைக்கு இருந்தவள்தானே, பொட்டியிலேயே இருக்கட்டும். ஆனால் கொச்சிக்கு அவள் வரப்போவதில்லை. நேற்று போனில் அந்த அம்மாவிடம் புள்ளியோடு இருக்கிற படங்களுக்குச் சம்மதம் சொல்லிவிட்டேன். அண்ணனே நல்ல காகிதமாக வாங்கி வந்து, பிரிண்ட் போடும் மிஷினில் ஏற்றிக் கொடுத்துவிட்டு, நான் போட்டு முடிக்கிற வரைக்கும் தெருவில் நாற்காலி போட்டு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்.

கொச்சி அம்மா இரண்டு விஷயம் கேட்டார். ஒன்று, மண்டபத்து வாசலில் ஒட்டி வைக்க உங்களைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தர வேண்டும். ஒரு பக்கம் என்றார், எனக்குத்தான் நிறுத்தத் தெரியவில்லை. அந்தப் பக்கம் இதுதான். இன்னொன்று, படத்துக்குக் கீழே எடுத்தவர் பெயரைப் போடுவார்களாம், நிற்பவளுக்கு 'ஒரு பெண்' என்று போடுவதுதான் வழக்கமாம். "அது போதுமல்லோ சேச்சி, வேற பேர் வேணும்னாலும் வச்சுக்கலாம்" என்றார்.

உங்களுக்கு ஒரு வாக்குத் தருகிறேன் மதினி. திறக்கிற அன்று நான் அந்த மண்டபத்தில் இருப்பேன். உங்கள் பெயர் எழுதியிருக்கிற ஒவ்வொரு இடத்திலும் பக்கத்தில் என் பெயரும் இருக்கும். 'ஒரு பெண்' என்று எங்கேயும் இருக்காது.

இந்தப் படங்களில் இருப்பவள்,
கம்பம் ஸ்டூடியோக்காரரின் தங்கச்சி,
உங்கள் நாத்தனார்
முருகேஸ்வரி